பொலிஸ் ஜாக்கெட்டுக்குள் ஒரு யாழ்ப்பாணத்தான்

மொழிபெயர்ப்பாளன் வேலை என்பது யாரோ சொன்னதற்கு நாம் பேச்சு வாங்குகிற வேலை. ஊராருக்காக டெனிஷ் கதைக்கப் போய் வாங்கிக் கட்டிக்கொண்ட டென்மார்க் தமிழரான உங்களுக்கு நான் விளக்கத் தேவையில்லை.

எண்பதுகளின் கடைசி. எங்கள் ஆட்கள் குடும்பத்தைக் கூப்பிடப் போட்ட விண்ணப்பங்கள் எல்லாம் கோபன்ஹேகனில் ஏதோ ஒரு மேசையில் அசையாமல் கிடந்தன. என் மனைவியுடையதும் அங்கேதான், அவள் யாழ்ப்பாணத்தில். எஸ்பியர்க் துறைமுகத்தில் மீன் தொழிற்சாலையில் வேலைக்கு நின்ற என்னை, ஜெர்மன் எல்லையில் நின்ற டெனிஷ் பொலிஸார் மொழிபெயர்க்கக் கூப்பிட்டார்கள். பொலிஸுக்குப் பக்கத்தில் நின்றால் அவளுடைய கடதாசி கொஞ்சம் அசையும் என்று நம்பிப் போன மடையன் நான். அங்கே பயிற்சி முடித்த கையோடு வந்த பொடியன்கள் இரண்டு பேர், அதில் ஒருவன் யென்ஸ். மூன்று பேருக்கும் சேர்த்து அனுபவம் ஒரு கிழமை, ஏழே நாள்.

முதல் மரியாதை

குளிருக்கு என்று நிலையத்தில் கிடந்த பழைய பொலிஸ் ஜாக்கெட் ஒன்றைத் தந்தார்கள். என்னைப்போல் இரண்டு பேர் அதற்குள் குடியிருக்கலாம். ஆனாலும் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு விசாரணை அறைக்குள் போனேன். கள்ளமாக எல்லை கடந்து பிடிபட்ட ஒரு தம்பி சட்டென்று எழுந்து நின்றான். வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், எனக்குச் சந்தோசமாகத்தான் இருந்தது. "இருங்கோ தம்பி, பயப்பிடாதேங்கோ" என்றேன். தமிழைக் கேட்டதும் அவன் முகம் இரக்கத்தால் மாறிவிட்டது.

"அண்ணை, உங்களையும் பிடிச்சிட்டாங்களோ?"

ஒலிபெருக்கி

எல்லையோரப் புதர்ப் பற்றைக்குள் தமிழ்க் குடும்பம் ஒன்று ஒளிந்திருப்பதாகத் தகவல். யென்ஸ் ஒலிபெருக்கியை என்னிடம் நீட்டினான். கோயில் திருவிழாக்களில் மைக் பிடித்த வாய் சும்மா இருக்குமா? "அன்பார்ந்த பெருமக்களே, தயவுசெய்து வரிசையாக வந்து ஒத்துழைப்பு வழங்குமாறு பணிவன்புடன் கேட்டுக்கொள்கிறோம்!" இரண்டு தரம் முழங்கினேன்.

குடும்பம் வரவில்லை. பக்கத்து வயலில் மேய்ந்த பசுக்கள் எல்லாம் வேலியோரம் வந்து வரிசையாக நின்றன. பின்னாலேயே ஓடிவந்த கமக்காரர் என்னையும் மாடுகளையும் மாறி மாறிப் பார்த்தார்.

"நான் கூப்பிட்டு ஒருநாளும் இப்படி வந்ததில்லை. அதில் ஒரு வரி எனக்கும் சொல்லித் தா."

யென்ஸின் கேள்வி

யென்ஸ் தனியாக நடத்திய முதல் விசாரணை. எதிரே மடியில் பிள்ளையோடு ஒரு பெண். "சட்டப்படி விண்ணப்பித்துவிட்டுக் காத்திருக்காமல் ஏன் கள்ளமாக வந்தாய்?" என்று பரீட்சைக்குப் பாடமாக்கியதுபோல் கேட்டான். மொழிபெயர்த்தேன்.

"இஞ்ச இருந்து என்ர மனிசன் விண்ணப்பம் போட்டு ரெண்டு வருசம், ஒரு பதிலும் இல்லை" என்றவ, என் பக்கம் திரும்பினா. "நீங்கள் சொல்லுங்கோ அண்ணை, உங்கட மனிசி எப்பிடி வந்தவ?"

சொன்னது எல்லாவற்றையும் மொழிபெயர்க்க வேண்டும் என்பது விதி. அதையும் மொழிபெயர்த்தேன். யென்ஸ் பேனையை வைத்துவிட்டு, "எப்படி வந்தாள்?" என்று என்னையே கேட்டான்.

"வரவில்லை" என்று டெனிஷில் சொன்னேன். "வரேல்லை தங்கச்சி, எனக்கும் ரெண்டு வருசம்தான்" என்று தமிழில் சொல்லும்போது அழுகை வந்துவிட்டது. யென்ஸ் எனக்குக் கோப்பி ஊற்றி எடுத்துவர எழுந்து போனான். கதவு சாத்தியதும் அந்தப் பெண் மெல்லக் குனிந்தா.

"அழாதேங்கோ அண்ணை. நான் வந்த பாதையைச் சொல்லுறன், அவவுக்கு எழுதிப் போடுங்கோ."

எல்லையைக் காக்கச் சேர்ந்த எங்கள் மூவரில், அதைக் கள்ளமாகக் கடக்கும் வழியை ஒன்றும் விடாமல் கேட்டு எழுதிக்கொண்டவன் நான் ஒருவன்தான்.