எனக்குத் தெரியாத ஓர் ஆறு

என் தம்பியை அந்த ஆற்றைக் கடக்கச் சொன்னது நான்தான்.

ஏஜெண்டு ஏமாற்றிவிட்டான் என்று எல்லோரும் சொல்கிறார்கள். காவல் நிலையத்தில் கொடுத்த புகாரிலும் அப்படித்தான் எழுதியிருக்கிறோம். அது பொய்யில்லை... ஆனால் பாதிதான். மீதிப் பாதியை வீட்டில் யாரிடமும் நான் சொன்னதில்லை. முகம் தெரியாத உங்களிடம் சொல்கிறேன். கேட்டுவிட்டு என்னைத் தேற்றாதீர்கள். தேற்றினால் எனக்கு எரிச்சல்தான் வரும்.

ஜொகூர் பாருவில், எங்கள் பேச்சில் ஜேபியில், ஓர் இடைநிலைப் பள்ளியில் வரலாறும் புவியியலும் கற்பிக்கிறேன். குடும்பத்தில் எனக்கு 'அட்லஸ்' என்று பெயர். கல்யாண வீட்டில் இலை முன்னால் உட்கார்ந்தால் போதும், மாமாக்கள் தொடங்கிவிடுவார்கள். மங்கோலியாவின் தலைநகரம் எது? தென்னாப்பிரிக்காவின் வயிற்றுக்குள் இருக்கும் நாடு எது? வாயில் சோற்றை வைத்துக்கொண்டே பதில் சொல்வேன். சுற்றியிருப்பவர்கள் வாயைப் பிளப்பார்கள். அது எனக்கு எவ்வளவு பிடித்திருந்தது, தெரியுமா! இத்தனைக்கும் சிங்கப்பூர்ப் பாலத்தைத் தவிர வேறு எந்த எல்லையையும் நான் தாண்டியதில்லை.

'தெரியாது' என்ற சொல் மட்டும் என் வாயில் வராது. தெரியாத ஊரைக் கேட்டால், தெரிந்த ஊர் எதையாவது கொஞ்சம் மாற்றிச் சொல்லிவிடுவேன். யார் அங்கே போய்ப் பார்க்கப் போகிறார்கள்?

தம்பி சரவணன் போனான்.

அவன் சிங்கப்பூரில் ஒரு தொழிற்சாலையில் வேலை பார்த்தவன். விடியுமுன் மோட்டார் சைக்கிளில் பாலத்தைக் கடப்பான், பொழுது சாய்ந்ததும் வீடு திரும்புவான். ஆட்குறைப்பில் அந்த வேலை போயிற்று. கொஞ்ச காலம் உணவு டெலிவரி செய்தான். அப்போதுதான் ஓர் ஏஜெண்டு தாய்லாந்தில் 'கஸ்டமர் சர்வீஸ்' வேலை என்று ஆசை காட்டினான். தம்பி மனைவி செல்விக்கு மனம் ஒப்பவில்லை. இருவரும் என் வீட்டுக்கு வந்தார்கள்.

"க்கா, மே சொட்னு ஒரு ஊராம். பார்டர்ல, ஆத்தோரமா இருக்காம். அந்தப் பக்கம் மியன்மாராம். நல்ல எடம்தானே? நீ ஓகேன்னா இவ விட்டுருவா."

"அண்ணி சொன்னா சரிதான். ஏஜெண்டு பேச்செல்லாம் நான் நம்ப மாட்டேன் லா" என்றாள் செல்வி.

மே சொட்! அந்தப் பெயரை அன்றுதான் முதன்முதலாகக் கேட்டேன். கைப்பேசி மேசைமேல் கிடந்தது. தட்டிப் பார்த்திருந்தால் அந்த ஆற்றங்கரையைப் பற்றிய செய்திகள் வரிசையாக வந்து விழுந்திருக்கும். ஆனால் செல்வி என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாளே... அவள் எதிரில் அட்லஸ் தேடிப் பார்ப்பதா?

"நம்ம ஜேபி மாதிரிதான்டா. காலைல அந்தப் பக்கம் போவாங்க, சாயங்காலம் வந்துருவாங்க. டூரிஸ்ட்டு நெறைய வர்ற ஊரு" என்றேன்.

எங்கள் ஊர்க்காரர்களின் புத்தியை நீங்கள் புரிந்துகொள்ள வேண்டும். எல்லை என்றால் எங்களுக்கு நெரிசல், மழையில் நனைந்த ரெயின்கோட்டு, கடப்பிதழில் விழும் சாப்பா முத்திரை, அவ்வளவுதான். போனவன் இரவுச் சாப்பாட்டுக்கு வந்துவிடுவான். உலகத்து எல்லைகள் எல்லாம் இப்படித்தான் என்று நினைத்துவிட்டேன்... நான் பாடம் நடத்துகிறவள்!

இதோடு நின்றிருந்தால் அறியாமை என்றாவது சொல்லிக்கொள்ளலாம். நிற்கவில்லை.

அவன் போய்ச் சேர்ந்த மறுநாள் மதியம் என்னை அழைத்தான். குரலைத் தாழ்த்திப் பேசினான்.

"க்கா, ஆபீஸு அக்கரைலயாம். படகுல ஏறச் சொல்றாங்க. இமிகிரேசன் ஒண்ணுமே இல்லக்கா. பாஸ்போர்ட்ல சாப்பாவே போடல. எனக்கு என்னமோ மாதிரி இருக்கு. ஏறவா, வேணாமா?"

சாப்பா இல்லாமல் எல்லை தாண்டக் கூடாது என்பது ஜொகூரில் பள்ளிக்கூடம் போகாதவனுக்கும் தெரியும். எனக்குத் தெரியாதா? 'ஏறாதே, திரும்பி வா' என்று சொல்லியிருக்க வேண்டும். சொன்னால்... நான் அன்று அளந்ததெல்லாம் பொய் என்று ஆகிவிடுமே!

"அங்க அப்படித்தான்டா. ஆத்தோர ஊர்ல சாப்பா வேணாம், லோக்கல் பாஸ் இருக்கும். ஏறு, ஏறு."

அப்படி ஒரு சட்டத்தை நான் எங்கும் படித்ததில்லை. அந்த நிமிடத்தில், நின்ற இடத்தில், நானே உண்டாக்கினேன். அவன் "சரிக்கா" என்றான். ஏறிவிட்டான்.

இப்போது அந்த ஆற்றைப் பற்றி என்ன வேண்டுமானாலும் கேளுங்கள். பெயர் மோய். தெற்கிலிருந்து வடக்கே ஓடுகிறது. சால்வின் ஆற்றில் போய்ச் சேர்கிறது. அக்கரையில் மதில் வைத்த கட்டடங்கள் இருக்கின்றன. உள்ளே ஆட்களை அடைத்து, உலகம் முழுவதும் தொலைபேசியில் ஏமாற்ற வைக்கிறார்கள். ஏமாற்ற மறுப்பவனை அடிக்கிறார்கள். படித்துப் படித்து எல்லாம் தெரிந்துகொண்டேன்... எதற்கு?

இன்னொன்றும் சொல்ல வேண்டும். ஜப்பான்காரன் காலத்தில் எங்கள் தோட்டத்துச் சனங்களை நல்ல கூலி என்று ஆசை காட்டி சயாமுக்கு, அதாவது இன்றைய தாய்லாந்துக்கு, ரயில் பாதை போடக் கூட்டிப் போனார்கள். அந்தப் பாதையும் இதே எல்லையைத்தான் தாண்டியது, இன்னும் தெற்கே. ஆயிரக்கணக்கில் மாண்டார்கள். ஒவ்வோர் ஆண்டும் அதை வகுப்பில் நான் சொல்கிறேன். அந்த இடத்தில் என் குரல் தழுதழுக்கக்கூடச் செய்யும். தம்பி கேட்டபோது மட்டும் அது எங்கே போயிற்று?

படகில் ஏறிய பிறகு அவனிடமிருந்து ஒரே ஒரு முறை அழைப்பு வந்தது. செல்வி வீட்டில் நாங்கள் இருவரும் காய் நறுக்கிக்கொண்டிருந்தோம். தெரியாத எண். அவள் ஸ்பீக்கரில் போட்டாள். யாருடைய தொலைபேசியிலிருந்தோ திருட்டுத்தனமாகப் பேசினான். குரலே மாறியிருந்தது. பணம் கேட்கவில்லை, அழவும் இல்லை. சாப்பா இல்லாமல் படகில் ஏறி அக்கரையில் மாட்டிக்கொண்டதைச் சொன்னான். பிள்ளை சாப்பிட்டதா என்று கேட்டான்.

செல்விதான் வெடித்தாள். "ஏங்க சாப்பா இல்லாம ஏறுனீங்க? ஏறுறதுக்கு முன்னாடி அண்ணிக்கு ஒரு கால் போட்டிருக்கலாம்ல? அண்ணி இங்கதான் இருக்காங்க, கேக்குறாங்க!"

என் கையில் கத்தி அப்படியே நின்றது. சொல்லட்டும் என்று ஒரு மனம், சொல்லிவிடுவானோ என்று ஒரு மனம்... இரண்டாவதுதான் பெரிதாக இருந்தது. வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், என் தம்பி உயிரோடு பேசிக்கொண்டிருக்கும்போது நான் என் மானத்துக்குத்தான் பயந்தேன்!

"யாரையும் கேக்கல செல்வி. நானாதான் ஏறிட்டேன்" என்றான்.

தொடர்பு அறுந்தது. அதற்குப் பிறகு அந்த எண்ணும் வேலை செய்யவில்லை. அவன் இருக்கிறானா என்பதுகூட எங்களுக்குத் தெரியாது. நான் இன்னமும் பாடம் நடத்தப் போகிறேன்.

அன்று செல்வி கண்ணைத் துடைத்துக்கொண்டு என் தோளில் சாய்ந்தாள். "ஒரு வார்த்த ஒங்கள கேட்டிருந்தா ஏறாதன்னு சொல்லியிருப்பீங்கல்ல, அண்ணி?"

"ஆமா" என்றேன்.