பலராமனின் இடது கண்

ஆரணி பேருந்து நிலையத்தில் ஒரு தனியார் பஸ் கம்பெனிக்கு டைம் கீப்பராக இருந்தார் பலராமன். வண்டி வந்த நேரத்தையும் கிளம்பிய நேரத்தையும் நோட்டில் எழுத வேண்டும். ஆள் ஏற்றுவதற்காகக் கூடுதலாக நிற்கும் வந்தவாசி வண்டியை விசில் ஊதித் துரத்த வேண்டும். ஐம்பது வயது வரை இந்த வேலையில் அவருக்கு ஒரு குறையும் இருந்ததில்லை.

1996-இல் இடது கண்ணின் ஓரங்கள் மங்கத் தொடங்கின. கண்ணாடிக் கடையில் இரண்டு முறை கண்ணாடியை மாற்றிப் பார்த்தார். அதிலேயே ஒரு வருடம் போயிற்று. கடைசியில் வேலூரில் ஒரு ஆஸ்பத்திரியில் கிளாக்கோமா என்றார்கள். கண்ணுக்குள் அழுத்தம் ஏறி நரம்பைக் கெடுத்திருந்தது. வலது கண்ணிலும் ஆரம்பம் தெரிந்தது. சொட்டு மருந்து, மாத்திரை, பிறகு இடது கண்ணில் ஒரு அறுவை சிகிச்சை. ஆறு மாதம் அடங்கியிருந்த அழுத்தம் மறுபடி ஏறியது.

1998 கோடையில் அந்தக் கண்ணில் மிச்சமிருந்தது, ஜன்னல் எந்தப் பக்கம் என்று தெரிகிற அளவு வெளிச்சம் மட்டுமே. அழுத்தத்தால் வந்த வலி மட்டும் குறையவில்லை. நெற்றியில் ஆரம்பித்து பல் வரை இறங்கும். சாப்பிட்டதெல்லாம் வாந்தியாக வந்துவிடும்.

"உறைய வைக்கிற சிகிச்சை ஒண்ணு இருக்கு," என்றார் டாக்டர் தேவிப்ரியா. "கண்ணுக்குள்ள தண்ணி சுரந்துக்கிட்டே இருக்கும். அது வெளியே போற வழி அடைஞ்சிடுச்சு. வழி திறந்து பார்த்தோம், நிக்கல. அதனால சுரக்கிற இடத்துல கொஞ்சத்தை உறைய வச்சு அழிக்கணும்."

"பார்வ வருமா டாக்டர்?"

"வராது. வலி குறையும். அதுக்குத்தான் செய்யறோம்."

"பார்வ வராததுக்கு வைத்தியமா?" பலராமன் தன் மனைவி அபிதகுசாம்பாளைத் திரும்பிப் பார்த்தார். அபிதகுசாம்பாள் டாக்டரிடம் கேட்டார்: "இதுல கெடுதி எதுனா கீதாங்க?"

டாக்டர் மறைக்கவில்லை. முதல் சில நாள் வலியும் வீக்கமும் அதிகமாகலாம். எவ்வளவு உறைய வைத்தால் போதும் என்று முன்கூட்டியே கணக்காகச் சொல்ல முடியாது. குறைந்தால் அழுத்தம் திரும்பும், மறுபடி செய்ய வேண்டிவரும். அதிகமானால் அழுத்தம் ஒரேயடியாக இறங்கிக் கண் சுருங்கிப்போகலாம். இருக்கிற வெளிச்சமும் போய்விடலாம். கேட்டுவிட்டுத்தான் பலராமன் கையெழுத்துப் போட்டார்.

கண்ணுக்குப் பின்னால் மரத்துப்போகும் ஊசி போட்டார்கள். பேனா போன்ற ஒரு கருவியைக் கண்ணின் வெள்ளையில் அழுத்தி, ஒவ்வொரு இடத்திலும் ஏறக்குறைய ஒரு நிமிடம் வைத்து எடுத்தார்கள். அப்போது வலிக்கவில்லை. ஊசியின் வேகம் இறங்கியதும் வலி பிடித்துக்கொண்டது. ஊர் திரும்பும் பஸ்ஸில் கண்ணமங்கலம் தாண்டுவதற்குள், "இத்த புடுங்கிப் போட்டுருந்தாலே தேவல!" என்று முன் சீட்டைக் குத்தினார். மூன்று நாள் இமை திறக்கவில்லை. பிறகு வலி தணிந்தது. வேலைக்குப் போனார்.

ஏழாவது வாரம் எல்லாம் பழையபடி திரும்பியது.

"எத்தினி தபா இப்டி அலையறது? ஒரே பேஜாரு," என்று செருப்பை உதறினார். மறுபடி போகமாட்டேன் என்றார். மூன்றாம் நாள் அபிதகுசாம்பாள் இரண்டு டிபன் பாக்ஸில் சோறு கட்டி, "கெளம்புங்க. நீங்க வாந்தியெடுத்துகினு கெடக்கறத என்னால பாக்க முடியல," என்றார்.

இரண்டாவது முறை செய்த பிறகு வலி போனது, திரும்பவில்லை. ஒரு மாதம் கழித்து, காலையில் வலது கண்ணைப் பொத்திக்கொண்டு ஜன்னலைத் தேடினார். ஜன்னல் இல்லை. சுவர், கதவு, எல்லாப் பக்கமும் ஒன்றாக இருந்தது.

ஆஸ்பத்திரியில் கத்தினார். வரிசையில் இருந்தவர்கள் எழுந்து பார்த்தார்கள். டாக்டர் அமைதியாக, "இப்படி ஆகலாம்னு சொல்லியிருந்தேனேங்க," என்றார்.

"சொன்னீங்க. இல்லன்னா சொன்னேன்? சொன்னதால எனக்கு வெளிச்சம் வந்துருமா?"

யாரையும் குற்றம் சொல்ல முடியவில்லை என்பதே அவரை அதிகமாக வாட்டியது. கண்ணாடிக் கடையில் வீணாக்கிய அந்த ஒரு வருடத்துக்காகத் தன்னையே திட்டிக்கொண்டார். வீட்டில் சின்ன விஷயத்துக்கும் எரிந்து விழுந்தார். டிரைவர்கள் அவருக்குப் பயந்தே நேரத்துக்கு வண்டியை எடுத்தார்கள்.

அடுத்த இரண்டு மூன்று வருடத்தில் இடது கண் மெல்லச் சுருங்கி உள்ளே போனது. அதன் மேலே செயற்கைக் கண் பொருத்தலாம் என்று டாக்டர் சொன்னபோது, "பாக்கறவனுக்காக நான் எதுக்கு அத்த மாட்டிக்கணும்?" என்று மறுத்துவிட்டார். வலது கண்ணுக்கு மட்டும் சொட்டு மருந்தை ஒரு வேளைகூடத் தவறவிடவில்லை. மூன்று மாதத்துக்கு ஒருமுறை வேலூர் போய், வரிசையில் முணுமுணுத்துக்கொண்டே உட்கார்ந்து அழுத்தம் பார்த்து வந்தார்.

2004-இல் ஓய்வு பெற்றபோதும் வலது கண் தாக்குப்பிடித்தது. அந்த வருடம் பரிசோதனைக்குப் போனபோது, "இடது கண்ணுல வலி ஏதாவது இருக்கா?" என்று டாக்டர் வழக்கம்போலக் கேட்டார்.

"இல்ல. அதுக்கு நன்றி சொல்லணும்னு தெரிது டாக்டர். சொல்லத்தான் வரமாட்டேங்குது."

டாக்டர் தேவிப்ரியா தலையசைத்து, சீட்டில் அடுத்த தேதியை எழுதிக் கொடுத்தார்.