இரண்டு முன்பற்களுக்கு நடுவே

1. ஒரு ஃபோன்

"வேற யாரோ ஒருத்தியோட புருஷனை எங்க வீட்டுக்கு அனுப்பி வெச்சிருக்கீங்க. தயவுசெஞ்சு திருப்பி எடுத்துக்குங்க."

டென்டல் லேபில் கம்ப்ளெயின்ட் ஃபோன் எடுப்பது எனக்குப் புதிதில்லை. கடிக்கவில்லை, குத்துகிறது, கழற்றி வைத்தால் நாய் தூக்கிக்கொண்டு போய்விட்டது என்று எல்லாம் வரும். இப்படி ஒன்று அதுவரை வந்ததில்லை. பேசியவர் மார்த்தா என்ற வயதான அமெரிக்கப் பெண்மணி. பேசியது ஆங்கிலத்தில்தான். ஆனால் எனக்கு அது தமிழில்தான் ஞாபகம் நிற்கிறது. அதனால் அவரும் அவர் கணவரும் இந்தக் குறிப்பில் தமிழிலேயே பேசட்டும்.

தொண்ணூறுகளின் நடுவில், நியூ ஜெர்சி ஈஸ்ட் பிரன்ஸ்விக்கில் நடந்தது இது. புடவைக் கடைக்கும் டிராவல் ஏஜென்சிக்கும் நடுவில் எங்கள் லேப். ஓனர் ஜெரால்டு சார் தூத்துக்குடிக்காரர். நான் சென்னையில் பி.டி.எஸ். படித்துவிட்டு வந்தவள். அமெரிக்க லைசென்ஸ் பரீட்சை எழுதவில்லை. அதனால் வாய்க்குள் கை வைக்கக் கூடாது, வாய்க்குள் போகிற பல்லை மட்டும் செய்யலாம். வேடிக்கையான ஊர்தான், என்ன செய்வது? மெழுகும் பிளாஸ்டருமாக என் பிழைப்பு ஓடியது. ஆனால் கை சுத்தம். ஜெரால்டு சாரே சொல்லுவார்.

மார்த்தாவின் கணவர் பெயர் ஓலூஃப். டென்மார்க்கில் நடிகராக இருந்தவர். எழுபதைத் தாண்டியிருந்தார். அவருக்கு மேல்வரிசை முழுவதும் நான்தான் பல் செய்து அனுப்பியிருந்தேன். என் வாழ்க்கையிலேயே அழகான செட் என்று பெருமைப்பட்டுக்கொண்டிருந்த செட் அது.

2. ஜன்னலோரத்து நாற்காலி

டென்டல் லேபுக்கு பேஷன்ட் வருவது அபூர்வம். மிச்சமிருந்த கீழ்ப்பல்லின் நிறத்தை நேரில் பார்த்து ஷேட் எடுத்துக்கொள்ளட்டும் என்று டாக்டர் அவரை அனுப்பியிருந்தார். ஷேட் எடுக்க ட்யூப்லைட் ஆகாது. வடக்கு ஜன்னலோரம் ஒரு நாற்காலி போட்டு உட்கார வைத்தேன். வெளியே பார்க்கிங் லாட் முழுக்கப் பனி. அந்த வெளிச்சம் கண்ணாடி வழியாக வந்து அவர் முகத்தில் விழுந்தது. அப்படியொரு வெள்ளை வெளிச்சத்தில் மனிதர்கள் கொஞ்சம் மிதக்கிற மாதிரி இருப்பார்கள்.

வாசல்படி ஐஸில் வழுக்கி விழுந்து முன்பற்கள் உடைந்து, மற்றதும் ஆடிப்போய், மேலே எல்லாவற்றையும் எடுத்துவிட்டார்கள். பல்லில்லாத வாயோடு மெதுவாகப் பேசினார். நானும் மெதுவாகவே வேலை பார்த்தேன். ஒரு மணி நேரத்தில் அவர் வாழ்க்கை பூராவும் அந்த ஜன்னலோரத்தில் வந்து போனது.

அப்பா ஒரு துறைமுக ஊரில் படகு டிக்கெட் கிழிப்பவர். இவர் பத்தொன்பது வயதில் நாடகக் கம்பெனியில் நாற்காலி மேசை தூக்கிப் போடச் சேர்ந்திருக்கிறார். ஒரு நாள் ஒரு நடிகருக்குக் காய்ச்சல். விளக்கை ஏந்திக்கொண்டு போய் ஒரே ஒரு வரி சொல்லச் சொல்லி மேடையில் தள்ளிவிட்டார்கள். சொன்னார். அரங்கமே சிரித்தது.

"எதுக்குச் சிரிச்சாங்க?" என்றேன்.

"என் முன்பல்லுக்கு நடுவுல ஒரு சந்து. அது வழியா என் குரல் காத்து மாதிரி வந்தது. மறுநாள்லேருந்து அந்த விளக்கு வேஷம் எனக்குத்தான்."

அப்புறம் பன்னிரண்டு வருடம் மேடை. சமையல்காரன், தபால்காரன், கொலைகாரனின் தம்பி. சினிமாவில் பத்துப் பன்னிரண்டு படம், அதில் ஒன்றே ஒன்றில் கதாநாயகன், ஒரு படகுக்காரனாக. பிறகு கோபன்ஹேகனுக்கு வந்த ஓர் அமெரிக்கப் பெண் மேடை செட்டுக்குப் பெயின்ட் அடித்துக்கொண்டிருந்தார். அவர்தான் மார்த்தா. அவரைக் கல்யாணம் செய்துகொண்டு இவர் இந்தப் பக்கம் வந்துவிட்டார்.

"இங்க வந்து என்ன நடிச்சீங்க?"

"ஜெர்மன் ஆபீசர் நாலு தடவை. பைத்தியக்கார விஞ்ஞானி ரெண்டு தடவை. டிவி-ல சீஸ் விளம்பரம். நாப்பது வருஷத்துல ஒரு தடவைகூட டென்மார்க்காரனா நடிக்க யாரும் கூப்பிடல."

அதனால் அவரே நாற்பது நிமிடத்துக்கு ஒரு தனி ஆள் நாடகம் எழுதியிருந்தார். ஒரு கிழட்டுப் படகுக்காரன் தன் கடைசிப் பயணத்தில் பேசுகிற பேச்சு. பக்கத்து ஊர் சர்ச் ஹாலில், மார்ச் மாதம் ஒரு சனிக்கிழமை மத்தியானம். அதோடு நடிப்பை முடித்துக்கொள்ளப் போவதாகச் சொன்னார். மார்த்தாவுக்குக் கண் பார்வை அநேகமாகப் போய்விட்டது. வெளிச்சம், நிழல், அவ்வளவுதான் தெரியும். முன்வரிசையில் உட்கார்ந்து காதால்தான் பார்ப்பார் என்றார்.

கிளம்பும்போது மறுபடியும் அந்தச் சந்தைப் பற்றி ஏதோ ஆரம்பித்தார். நான் விட்டேனா? "கவலைப்படாதீங்க சார், அழகா அடைச்சுக் கொடுத்துடறேன்" என்றேன். அவர் ஒரு நொடி என்னைப் பார்த்தார். பிறகு தலையை ஆட்டிவிட்டுத் தொப்பியைப் போட்டுக்கொண்டு போனார்.

3. என் புத்தி போன போக்கு

இந்தத் தப்பை ஏன் செய்தேன் என்று சொல்லிவிடுகிறேன். சென்னையில் நான் பிராக்டிஸ் செய்த ஒன்றரை வருடத்தில் வந்தவர்களில் பாதிப் பேர் கல்யாணத்துக்கு நிற்கிற பெண்கள். அம்மாவோடு வருவார்கள். "மாப்பிள்ளை வீட்டுக்காரங்க ஞாயித்துக்கிழமை வர்றாங்க டாக்டர், அதுக்குள்ள இந்த கேப்பை அடைச்சுடுங்க" என்பார்கள். அடைத்திருக்கிறேன். இதில் ஒரு ரகசியம், எனக்கே முன்பல்லில் கேப் உண்டு. என்னைப் பெண் பார்க்க வருவதற்கு நாலு நாள் முன்னால் என் புரொபசர் அடைத்துவிட்டார். நாலு பேர் முன்னால் போய் நிற்பதென்றால் முதலில் கேப்பை அடைக்க வேண்டும், அதுதான் என் மண்டையில் ஏறியிருந்த பாடம். இந்த மனிதரும் நாலு பேர் முன்னால்தானே நிற்கப் போகிறார்!

ஜெரால்டு சாரும் சேர்ந்துகொண்டார். "ஏம்மா சுகந்தி, இந்த ஊர்ல என்ன கேக்காங்கன்னு உனக்குத் தெரியாதா? வெள்ளையா, வரிசையா, பளிச்சுனு வச்சு விடு."

வைத்துவிட்டேன். மெழுகில் அடுக்கி, வாயில் வைத்துப் பார்க்கிற ட்ரை-இன்னுக்கு டாக்டரிடம் அனுப்பினேன். ஓலூஃப் கண்ணாடியில் பார்த்துவிட்டு "ரொம்ப நல்லா இருக்கு" என்றாராம். டென்மார்க்காரர்கள் முகத்துக்கு நேரே குறை சொல்லமாட்டார்கள் என்று எனக்கு அப்போது தெரியாது. டாக்டர் ஓகே என்றார். அக்ரிலிக்கில் பக்காவாக முடித்து அனுப்பினேன். டாக்டர் அதை மாட்டிவிட்ட மறுநாள்தான் அந்த ஃபோன்.

4. சுவர்

அவரை வரச் சொன்னேன். பல்லைப் போட்டுக்கொண்டு நாடகத்தின் முதல் வரியைச் சொன்னார். 'ஸ' வருகிற இடமெல்லாம் குக்கர் விசில் மாதிரி கூர்மையாக அடித்தது. போன தடவை அந்தப் பொக்கை வாயிலிருந்து வந்த பேச்சில் இருந்த மனிதர்கூட இதில் இல்லை.

"ஐம்பது வருஷமா பேசறதுக்கு முன்னாடி என் நாக்கு போய் நிக்கிற வாசல் அது. இப்ப போய் நின்னா சுவர் இருக்கு" என்றார். கோபமே இல்லாமல் சொன்னார். திட்டியிருந்தால் தேவலை.

நாடகத்துக்கு மூன்று வாரம் இருந்தது. மறுபடி செய்து கொடுக்கிற ரீமேக் என்றாலே ஜெரால்டு சாருக்கு ஆகாது. "டாக்டர் ஓகே பண்ணிட்டாருல்லா? பேஷன்டும் ஓகே சொல்லிட்டாரு. பெறகு என்னத்துக்கு?" என்றார். "என் தப்பு சார், என் லஞ்ச் டைம்ல செய்யறேன்" என்றேன். என் முகத்தைப் பார்த்துவிட்டு டாக்டருக்கு ஃபோன் போட்டார்.

ஆனால் அந்தச் சந்து எவ்வளவு அகலம்? பல் எவ்வளவு தேய்ந்திருந்தது? ஒன்றும் தெரியாது. அவர் ஒரு பெட்டி நிறைய போட்டோ கொண்டுவந்தார். நூறு போட்டோவிலும் வாய் மூடியிருந்தது. போட்டோ என்றால் உதட்டைத் திறக்காதே என்று ஒரு டைரக்டர் சொன்னதை ஆயுசு பூராவும் கடைப்பிடித்திருக்கிறார்!

"அந்தப் படகுக்காரன் படத்துல ஒரே ஒரு தடவை சிரிப்பேன். கேசட் இருக்கு. என் தங்கச்சி டென்மார்க்லேருந்து அனுப்பினா. ஆனா அது இங்க இருக்கற வி.சி.ஆர்-ல ஓடாது, வெறும் கோடுதான் தெரியும். ஆறு வருஷமா அலமாரில கிடக்கு."

நான் நாற்காலியை விட்டே எழுந்துவிட்டேன். "டென்மார்க்ல டிவிக்கு என்ன சிஸ்டம், PAL-ஆ?"

"அப்படித்தான் சொன்னா."

இந்தியாவிலும் அதேதான், அமெரிக்காவில்தான் வேறு. ஊரிலிருந்து வருகிற கல்யாணக் கேசட்டும் அதேதான். அதைப் பார்ப்பதற்காகவே ஈஸ்ட் பிரன்ஸ்விக்கில் எங்கள் ஆட்கள் வீட்டுக்கு வீடு மல்டி-சிஸ்டம் வி.சி.ஆரும் டிவியும் வாங்கி வைத்திருந்தோம். "சார், இந்த ஞாயித்துக்கிழமை ரெண்டு பேரும் எங்க வீட்டுக்கு வாங்க" என்றேன்.

5. ஒரே ஒரு சிரிப்பு

என் நாத்தனார் கல்யாணக் கேசட்டை வெளியே எடுத்துவிட்டு, அவர் கேசட்டை உள்ளே தள்ளினேன். இரண்டு விநாடி இருட்டு. பிறகு கடல் வந்தது. கறுப்பு வெள்ளைக் கடல், அதன்மேல் புகைபோல மூட்டம், அதற்குள்ளிருந்து ஒரு படகு. படகில் முப்பது வயது ஓலூஃப்.

சோபாவில் இருந்த ஓலூஃப் கையிலிருந்த காபியைக் குடிக்க மறந்துவிட்டார். முறுக்கு அதில் ஊறிக்கொண்டிருந்தது. பல் இல்லாத வாய்க்கு அதுதான் வழி என்று நான்தான் சொல்லிக் கொடுத்திருந்தேன். மார்த்தா நாற்காலியை டிவி பக்கத்தில் இழுத்துப் போட்டு, காதைத் திரைப் பக்கம் கொடுத்து உட்கார்ந்துகொண்டார். என் எட்டு வயது மகள் ப்ரியா என் காதில், "அம்மா, இஸ் தட் ரியலி ஹிம்?" என்றாள்.

"ஆமா. ஷ்!"

என் கணவர் சேகருக்குப் பொறுமை கிடையாது. "சிரிக்கிற எடம் வரைக்கும் ஃபாஸ்ட் ஃபார்வர்டு பண்ணிடலாமா?" என்றார். நான் பார்த்த பார்வையில் ரிமோட்டைக் கீழே வைத்துவிட்டார்.

ஒரு வார்த்தை புரியவில்லை. யாரும் மொழிபெயர்க்கவும் இல்லை. ஹாலில் கடல் சத்தமும் அந்தக் குரலும் மட்டும். வெளியே மத்தியான வெயில் பனிமேல் விழுந்து திரைச்சீலை வழியாக வந்தது. நாங்கள் எல்லோரும் அந்தப் படகில் ஏறி எங்கேயோ போய்க்கொண்டிருக்கிற மாதிரி இருந்தது எனக்கு. ஒரு மணி நேரம் கழித்து, படகில் ஏறிய ஒரு பெண் அவரிடம் ஏதோ கேட்டாள். அவர் தலையைத் தூக்கிச் சிரித்தார்.

"பாஸ் பண்ணுங்க!" என்று கத்தினேன்.

படம் நடுங்கிக்கொண்டு நின்றது. இரண்டு முன்பற்கள், நடுவில் கறுப்பாக ஒரு சந்து. இடதுபக்கப் பல்லின் நுனி கொஞ்சம் தேய்ந்து, லேசாகத் திரும்பியிருந்தது. கேக் தட்டில் போடுகிற மெல்லிய பேப்பரை டிவி கண்ணாடிமேல் ஒட்டிப் பென்சிலால் வரைந்தேன். பல் அகலத்தில் சந்து எத்தனை பங்கு என்று ஸ்கேல் வைத்து அளந்தேன். அளந்துகொண்டே, குற்றவுணர்ச்சி தாங்காமல், என் கேப்பை அடைத்த கதையையும் சொல்லிவிட்டேன்.

"உனக்கு கேப் இருந்துச்சா? பத்து வருஷமா என்கிட்ட சொல்லவே இல்லையே!" என்றார் சேகர். அன்று முழுக்க என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார்.

6. சனிக்கிழமை மத்தியானம்

பத்து நாளில் புது செட் தயார். வெள்ளை வெளேர் இல்லை. கொஞ்சம் மஞ்சள், கொஞ்சம் தேய்மானம், நடுவில் சந்து. மெழுகில் இருக்கும்போதே ட்ரை-இன்னுக்கு மார்த்தாவையும் கூட்டிக்கொண்டு போகச் சொன்னேன். ஓலூஃப் கண்ணாடியைப் பார்க்கவே இல்லையாம். மார்த்தாவைப் பார்த்துப் பேசினாராம்.

சர்ச் ஹாலில் நாற்பது பேர் இருப்பார்கள். மூன்றாவது வரிசையில் நான். மேடையில் ஒரு பெஞ்சும் ஒரு துடுப்பும் மட்டும். ஓலூஃப் வந்து உட்கார்ந்தார். முதல் வரியைச் சொன்னார். அந்த 'ஸ' சீறவில்லை. கடற்கரை மணலில் அலை திரும்பிப் போகிற சத்தத்தில், மெதுவாக வந்தது. முன்வரிசையில் மார்த்தா சிரித்துவிட்டார், சத்தமாகவே. நான் அழுதேன். நாற்பது நிமிடமும் ஒரு டென்மார்க்காரர் டென்மார்க்காரராகப் பேசிக்கொண்டிருந்தார்.

அன்றிலிருந்து எங்கள் லேபில் ஒரு வழக்கம் கொண்டுவந்தேன். எந்தக் கேஸ் வந்தாலும் ட்ரேயில் ஒரு சீட்டு இருக்க வேண்டும்: 'முன்னால் எப்படி இருந்தது?' அதை எழுதாமல் என் கை மெழுகைத் தொடாது. புதிதாகச் சேரும் டெக்னீஷியன்களுக்கு இதைச் சொல்லத்தான் இந்தக் குறிப்பே. அழகாகச் செய்வது யாருக்கும் வரும். அதற்கு முன்னால் கேட்க வேண்டும்.

அந்தக் கேசட்டை அவர் திருப்பி வாங்கிக்கொள்ளவில்லை. "உங்க வீட்லதானே ஓடும்" என்றார். வருடத்துக்கு ஒரு ஞாயிற்றுக்கிழமை இரண்டு பேரும் வருவார்கள். காபி, முறுக்கு, படகு. இரண்டாயிரத்தில் இலை உதிரும் காலத்தில் ஓலூஃப் போய்விட்டார். பல்லைப் போட்டேதான் அனுப்பி வைத்தேன் என்று மார்த்தா சொன்னார்.

அடுத்த வருடம் மார்த்தா மட்டும் வந்தார். பக்கத்து வீட்டுக்காரர் கொண்டுவந்து விட்டுப் போனார். நெடுநெடுவென்று வளர்ந்துவிட்ட ப்ரியா கேசட்டைப் போட்டாள். மார்த்தா வழக்கம்போல டிவி பக்கத்தில் காதைக் கொடுத்து உட்கார்ந்தார். கடல் சத்தம். பிறகு முப்பது வயதுக் குரல். ரொம்ப நேரம் கேட்டுக்கொண்டிருந்துவிட்டு, காற்றில் துழாவி என் கையைப் பிடித்தார்.

"சுகந்தி, இது அவனோட சொந்தப் பல்லா, நீ செஞ்சதா? எனக்கு வித்தியாசமே தெரியலை."

அவருடையதுதான் என்று சொல்ல வாயெடுத்தேன். அதற்குப் பதில் அவர் நாற்காலி பக்கத்தில் தரையில் உட்கார்ந்தேன். படம் முடிகிற வரைக்கும் அவர் கையை நான் விடவில்லை.