கடைசி வயலின் மடை

திருமானூர்ப் பக்கம், வாய்க்கால் தண்ணீர் கடைசியாக எட்டிப்பார்க்கும் ஒரு ஏக்கர்தான் ரத்தினம்மாளுடையது. பூச்சிமருந்து டேங்கை முதுகில் சுமந்தபடியே புருஷன் வரப்பில் சுருண்டு விழுந்து செத்த பிறகு, இந்த மண்ணில் இனி ஒரு சொட்டு விஷம் விழாது என்றாள். சொன்னதோடு நிற்கவில்லை. சாணமும் கோமியமும் கரைத்து ஊற்றியே மூன்று வருஷமாகச் சீரகச் சம்பா போடுகிறாள். முதல் வருஷ விளைச்சலைப் பார்த்து ஊரே சிரித்தது. அவளுக்கே சிரிப்பு வந்தது, அவ்வளவு கொஞ்சம்.

இயற்கை விவசாயச் சான்றுக்கு இது கடைசி வருஷம். வயலில் விட்டதையெல்லாம் ஒரு நோட்டில் எழுதிவர வேண்டும். ஒரு தடவை மருந்து பட்டாலும் மறுபடி முதலிலிருந்து தொடங்க வேண்டியதுதான். தண்ணீரே மேல் வயல்காரன் செல்லதுரையின் நிலத்தைத் தாண்டித்தானே வருகிறது என்று கேட்டதற்கு, "அதுக்குத் தனி வழி பண்ணிக்குங்கம்மா" என்றார் சான்று கொடுக்கும் ஆபீசர். சொல்வதற்கென்ன, நோகாமல் சொல்லலாம். அடுத்தவன் வயலில் வாய்க்கால் வெட்ட அவள் என்ன மகாராணியா?

கதிர் வெளியே வராமல் தொண்டையில் நிற்கும்போது மழை கைவிட்டது. வயல் வெடித்தது. வாய்க்காலில் முறைத் தண்ணீர் வந்த அன்று காலையில் செல்லதுரையே தேடிவந்தான்.

"பெரியம்மா, குருத்துப்பூச்சி விழுந்து பயிரே போச்சு. நேத்துதான் குருணை மருந்து போட்டேன். சொல்லாம இருக்க மனசு வரல. அடுத்த முறைக்குத் தண்ணி வுட்டுக்கிறீங்களா?"

"அடுத்த முறை எப்படா?"

"பத்து நாளாவும்."

பத்து நாளில் பயிர் வைக்கோலாகிவிடும். அது அவனுக்கும் தெரியும், அதனால்தான் தலையைக் குனிந்துகொண்டான். அவனைத் திட்ட முடிந்திருந்தாலாவது கொஞ்சம் ஆறுதலாக இருந்திருக்கும்.

மண்வெட்டியோடு மடையில் நின்றாள். மேல் வயலில் தண்ணீர் ஒன்றும் அறியாததுபோலத் தெளிந்து கிடந்தது. கீழே அவள் பயிர் இலை சுருண்டு நின்றது. சாயங்காலம் வாய்க்கால் ஷட்டரை அடைத்துவிடுவார்கள். வெயில் உச்சிக்கு வந்தது. அதற்கு மேல் பார்த்துக்கொண்டிருக்க முடியவில்லை, அவளே வரப்பை வெட்டினாள். புருஷனிடம் மன்னிப்புக் கேட்கக்கூட வாய் வரவில்லை. வெடிப்புகள் மடக் மடக்கென்று குடித்தன.

வீட்டுக்கு வந்து நோட்டை எடுத்தாள். வெறும் தண்ணீர் என்று எழுதினால் யாருக்குத் தெரியப்போகிறது? செல்லதுரையும் வாய் திறக்க மாட்டான். அழுகை அழுகையாக வந்தது. தேதியைப் போட்டுக் கோணல் எழுத்தில் எழுதினாள்:

"குருணை மருந்துத் தண்ணி. நான்தான் வெட்டி விட்டேன்."