இடது கை மவுஸ்

நம்பினால் நம்புங்கள், இல்லாவிட்டால் போங்கள். இது எனக்கு நடந்தது. ராத்திரியில்கூட இல்லை. பட்டப்பகலில், ஒரு ஞாயிற்றுக்கிழமை.

நானும் என் கணவரும் மருந்துக் கடைகளுக்கு பில் போடும் மென்பொருள் செய்து விற்கிறோம். வீட்டின் முன்னறைதான் ஆபீஸ். நான் அவருக்கு இரண்டாம் தாரம். முதல் மனைவி காய்ச்சலில் போய்ச் சேர்ந்து மூன்று வருடம் ஆகிறது. ஆனால் எங்கே போனாள்? எங்கள் புரோகிராம்கள் எல்லாவற்றுக்கும் பொதுவாக ஒரு டி.எல்.எல். ஃபைல் எழுதி வைத்துவிட்டுப் போயிருக்கிறாள். எதைத் திறந்தாலும் முதலில் அந்த ஃபைலைத்தான் கூப்பிடும். அது கம்ப்யூட்டர் தன் அமைப்புகளைக் குறித்து வைத்திருக்கும் ரெஜிஸ்ட்ரிக்குள் புகுந்து, எழுத்து எவ்வளவு பெரிது, திரை என்ன நிறம், மவுஸ் எந்தக் கைக்கு என்று எல்லாவற்றையும் அவள் இஷ்டப்படி மாற்றி வைத்துவிடும்.

அவள் இடது கைக்காரி. தினமும் காலையில் நான் மவுஸை வலது கைக்கு மாற்றுவேன். ஒரே ஒரு பில்லைத் திறந்தால் போதும், மறுபடியும் இடது.

"இதைத் தூக்கிட்டு நான் புதுசா ஒண்ணு எழுதிடறேனே," என்றேன் கணவரிடம்.

"அவ எழுதினதுல கை வைக்காத. அவ வேலை அவ்ளோ சுத்தம்."

சுத்தமாம்! எனக்கு வயிறு எரிந்தது. உயிரோடு இருக்கும் சக்களத்தி என்றால் சண்டையாவது போடலாம். இவளுக்கு வயது ஏறாது, சமையலில் உப்பு கூடிப்போகாது, ஒரு நாளும் கோபம் வராது. இவளை நான் எப்படி ஜெயிப்பது? அவருக்குத் தெரியாமல் உட்கார்ந்து நானே ஒரு ஃபைல் எழுதினேன்.

அந்த ஞாயிறு, மதியம் மூன்று மணி. கணவர் உள்ளறையில் ஒரு மருந்துக் கடைக்காரரோடு போனில் பேசிக்கொண்டிருந்தார். நான் எல்லாப் புரோகிராமையும் மூடினேன். அவள் ஃபைலை எடுத்து வேறு இடத்தில் போட்டேன். அதே பெயரில் என் ஃபைலை வைத்தேன். ஒரு பில்லைத் திறந்து மூடினேன். ரெஜிஸ்ட்ரியில் மவுஸ் வலது கைக்கு வந்தது.

டிக்.

உள்ளே பேச்சு நின்றது.

பேசி முடித்த மாதிரி இல்லை. "நாளைக்குள்ள அனுப்பி..." என்பதோடு அறுந்துபோயிருந்தது.

"என்னங்க?"

எழுந்து போனேன். ஜன்னலோரம் நின்றிருந்தார். போன் காதில்தான் இருந்தது. அதற்குள்ளிருந்து "ஹலோ... ஹலோ..." என்று கடைக்காரர் குரல். சட்டென்று அதுவும் அடங்கியது.

கணவர் திரும்பி என்னைப் பார்த்தார். யாரோ தெரியாதவள் வீட்டுக்குள் வந்துவிட்ட மாதிரி பார்த்தார்.

"நீங்க... யாருங்க?"

விளையாட்டில்லை. அவருக்கு நிஜமாகவே தெரியவில்லை.

பொதுவான ஒரு ஃபைலை எடுக்கும்முன் அதை யார் யார் நம்பியிருக்கிறார்கள் என்று பார்க்க வேண்டும். எங்கள் தொழிலில் இதுதான் அரிச்சுவடி. நான் புரோகிராம்களை மட்டும்தான் பார்த்திருந்தேன்.

ஓடினேன்.

மவுஸைப் பிடித்தேன். அம்பு அசையவில்லை. இழுத்தேன்... தட்டினேன்... ம்ஹும்.

இடது கையால் பிடித்தேன்.

அசைந்தது.

அவள் ஃபைலைத் திருப்பி வைத்தேன்.

டிக்.

"...வெச்சிடறேன் சார், கவலைப்படாதீங்க."

விட்ட இடத்திலிருந்தே பேசினார். முடித்துவிட்டு வெளியே வந்தவர், "ஏன் இப்படி வேர்த்துக் கொட்டுது?" என்று தன் கைக்குட்டையால் என் நெற்றியைத் துடைத்தார். நடந்தது எதுவுமே அவருக்குத் தெரியவில்லை. நான் அவர் கையைப் பிடித்துக்கொண்டு அழுதேன்.

அந்த வாரத்திலேயே கடைக்காரர் மறுபடி கூப்பிட்டார். நான்தான் எடுத்தேன்.

"அன்னிக்கு சார் பேச்சு நடுவுல நின்னுபோச்சே, அப்ப ஒரு மேடம் லைன்ல வந்தாங்க. 'ஒரு நிமிஷம் இருங்க, அவ இப்ப திருப்பி வெச்சிடுவா'ன்னாங்க. நீங்கதானா அது?"



"இல்ல..."

"அதானே பார்த்தேன். அவங்க ரொம்பத் தன்மையா பேசினாங்க."

இன்றுவரை இதை என் கணவரிடம் சொல்லவில்லை. சொன்னால் அவர் பயப்பட மாட்டார். "குரல் எப்படி இருந்துச்சாம்?" என்றுதான் கேட்பார். கேட்கும்போது அவர் முகம் எப்படி மலரும் என்று எனக்குத் தெரியும்.