கப்பல் எப்படி உடைந்தது, சார்?

தென்கொரியாவின் போர்க்கப்பல் ஒன்று இரண்டாக உடைந்து மூழ்கியபோது நான் சவுதியில், ஜுபைலில், ஒரு கொரியக் கம்பெனியில், வெல்டிங் இன்ஸ்பெக்டர்.

அந்தச் செய்திக்குச் சில நாள் முன்னால், அழுத்தச் சோதனையில் எங்கள் குழாய் ஒன்று வெடித்தது. கொரிய மேனேஜர் உடைந்த துண்டைக் குனிந்துகூடப் பார்க்கவில்லை. "வெல்டர் தப்பு. ஊருக்கு அனுப்பு" என்றார். நான் மறுத்தேன். "உன் வேலை பார்ப்பது, பேசுவதல்ல" என்றார், எல்லோர் முன்னாலும். அதை அன்றே டைரியில் எழுதிக்கொண்டேன், கோபம் ஆறிப்போய்விடக் கூடாதென்று.

வெல்டர் அறந்தாங்கிக்காரன். ஊருக்குப் போக வேண்டிய எக்ஸிட் விசா இழுத்துக்கொண்டே போக, சம்பளமில்லாமல் கேம்ப்பில் கிடந்தான். "அண்ணே, அந்தாளு மூஞ்சில துப்பிட்டே ஃபிளைட் ஏறிடவா?"

"பொறுப்பா. அந்தாளு வாயாலயே மாட்ட வைக்கிறேன்."

கப்பலை மூழ்கடித்தது யார் என்று அலுவலகத்தில் கொரியர்கள் இரண்டுபட்டார்கள். மேனேஜர் முதல் நாளிலிருந்தே வடகொரியாதான் என்றார். இளைய இன்ஜினியரோ, தேர்தல் வருகிறது, அரசாங்கம் எதையோ மறைக்கிறது என்றான். காபி மிஷின் பக்கத்தில் கத்திக்கொண்டு, பிறகு நாளெல்லாம் முகம் பார்க்கமாட்டார்கள். கடைசியில் விசாரணைக் குழு, டார்பிடோதான் என்று அறிவித்தது. மறுநாள் மேனேஜர் ஜெயித்தவர்போல் மீட்டிங்குக்கு வந்தார். நான் எழுந்தேன்.

"கப்பல் எப்படி உடைந்தது, சார்? முடிவாகிவிட்டதாமே?"

அவர் முகம் மலர்ந்தது. "கடலடியிலிருந்து தூக்கினார்கள். தகடு எந்தப் பக்கம் வளைந்திருக்கிறது என்று பார்த்தார்கள். பார்க்காமல் சொல்ல முடியுமா?"

"முடியாது, சார். நம் குழாய்த் துண்டு ஸ்கிராப் யார்டில்தான் கிடக்கிறது. தூக்கக் கிரேன்கூட வேண்டாம்."

முதலில் சிரித்தது இளைய இன்ஜினியர்தான். மேனேஜரின் கழுத்து சிவந்தது. அன்று மாலையே அந்த இளைஞன் துண்டை லேபுக்கு அனுப்பினான். விரிசல் வெல்டில் தொடங்கவில்லை. குழாயிலேயே பழுது இருந்தது. வெல்டரின் எக்ஸிட் ரத்தானது.

எனக்கு அது போதவில்லை. மெயிலில் போயிருக்கக்கூடிய ரிப்போர்ட்டை நானே கொண்டுபோய் அவர் மேஜையில் வைத்தேன்.

அவர் அதைத் தொடவில்லை. "கப்பலில் செத்தவர்கள் என் மகன் வயதுப் பையன்கள். அவர்களை வைத்தா என்னைக் குத்தினாய்?"

"ஆமாம், சார். வெல்டர் வெளியே நிற்கிறான். அவனிடம் ஸாரி சொல்லுங்கள்."

நான் நகரவில்லை. கடைசியில் அவர் நாற்காலியைப் பின்னுக்குத் தள்ளி எழுந்தார். நான் கதவைத் திறந்து பிடித்துக்கொண்டேன்.