பந்தல் பிரிக்கும் காட்சி

“2006 டிசம்பர் 9, சனி. பிற்பகல் மூன்று மணி. பபேடான். தணிக்கைச் சான்று இல்லாத கொரியப் படம்.” என் யாங்கோன் (ரங்கூன்) குறிப்பேட்டில் அன்றைக்கு இவ்வளவுதான் இருக்கிறது. பெயர்களை வேண்டுமென்றே எழுதவில்லை; இங்கும் மாற்றியே தருகிறேன்.

நான் தங்கியிருந்த மிங்கலா தாங்ஞுன்டிலிருந்து பபேடான் வட்டாரத்துக்கு டாக்சி, பர்மியப் பணத்தில் ஆயிரத்து ஐந்நூறு சாட். ராணுவ ஆட்சி நடந்த பர்மாவில் அப்போது வீட்டுக்கு வீடு கொரியத் தொடர்கள் ஓடின. வீடியோ வாடகைக் கடைக்காரர் சேகரிடம் இருந்தது வேறு சரக்கு: கப்பல்காரர் ஒருவர் விட்டுப்போன, பெயர்ச்சீட்டு இல்லாத கறுப்பு வெள்ளைப் படம். கொரியாவின் பழைய படங்கள் ஏழைகளைப் பற்றிப் பேசியதைப் படித்திருக்கிறேன், பார்த்ததில்லை.

“மாட்டினா கடையும் போகும், நானும் உள்ள போவேன். சத்தமில்லாமப் பாருங்க சயா,” என்றார் சேகர். சயா என்றால் அங்கே ஐயா.

கடையின் மேல்மாடியில் பத்துப் பேர். தொடர்கள் பார்த்துப் பழகிய கொரிய மொழியை வைத்து, சேகரின் மனைவி செல்வி தமிழில் கதை சொன்னார். குன்றுச்சரிவில் தகரக் குடிசைகள். தண்ணீர் சுமக்கும் தகப்பன். சுத்தியலோடு வரும் ஆட்கள்.

“எங்க வீட்டைப் பிரிச்சப்பவும் இப்படித்தான் வந்தாங்க,” என்றார் பின்னாலிருந்த பெண்.

“வாயை மூடுக்கா. உன் கதைக்குத் தனிப் படம் போடுவோம்,” என்றார் சேகர்.

அப்போது படியில் காலடி கேட்டது. யார் வீட்டில் யார் கூடுகிறார்கள் என்று கண்காணிக்கும் வார்டுத் தலைவர். நாங்கள் வழக்கம்போல் செருப்புகளைப் படியடியில் கழற்றிவிட்டு வந்திருந்தோம். அந்தக் குவியல் தெருவுக்கே தெரிந்திருந்தது.

சேகரின் கை டி.வி. பெட்டியை அணைக்கப் போனது. செல்வி கண்ணால் தடுத்தார். அணைத்தால் குற்றத்தை ஒப்புக்கொண்டதாகிவிடும். அவர் பர்மிய மொழிக்கு மாறினார். பேசியதைச் சேகர் பிறகு எனக்குச் சொன்னார்.

“கல்யாணக் கதை சயா. உக்காருங்க.”

தலைவர் உட்கார்ந்தார். திரையில் ஒரு கூரை சரிந்தது.

“இது என்ன?”

“கல்யாணம் முடிஞ்சுது. பந்தல் பிரிக்கிறாங்க.”

“பொண்ணு ஏன் அழுவுது?”

“மாமியார் வீட்டுக்குப் போவுதே!”

யாரும் சிரிக்கவில்லை. தலைவர் கடைசிவரை எழவில்லை. முடிவில், நசுங்கிய தகரங்களுக்கு நடுவே குடும்பமே ஒரு பாத்திரத்திலிருந்து சாப்பிட்டது.

“கல்யாண விருந்தா?”

“ஆமா சயா.”

அவர் எழுந்தார். “சோறு ரொம்பக் கொஞ்சமா இருக்கே,” என்றார். இறங்கிப் போய், குவியலில் தன் செருப்பைத் தேடி மாட்டிக்கொண்டு நடந்தார்.

திங்கள் காலை, விமான நிலையம் போகும் வழியில் டாக்சியை அந்தத் தெருவழியே விடச் சொன்னேன். கடை திறந்திருந்தது. வாசலில் நின்ற செல்வி என்னைத் தெரிந்ததாகக் காட்டிக்கொள்ளவில்லை. நானும் கையசைக்கவில்லை. இங்கே சென்னையில் ஒரு படம் நமக்குப் பிடிக்காவிட்டால் பாதியில் எழுந்து போய்விடுகிறோம்; அங்கே ஒரு படத்தை முடிவுவரை பார்க்கவே கடையைப் பணயம் வைக்க வேண்டியிருந்தது.

அந்தப் படத்தின் பெயரும் ஆண்டும் இன்றுவரை உறுதியாகவில்லை. தலைவருக்கு எவ்வளவு புரிந்தது என்பதும்.